வீசாவும் விலையும்

'வீசா' என்னும் சொல் இலத்தீன் மொழியிற் பிறந்து பிரெஞ்சு மொழி வழியாக உலக வழக்கிற்கு வந்தது. 'பார்க்கப்பட்டது' என்பதே அதன் மூலப்பொருள். ஓர் அதிகாரி ஒருவனுடைய பத்திரத்தைப் பார்த்தார் என்பதற்கு அடையாளமாக இடப்பட்ட குறிப்பே தொடக்கத்தில் வீசா எனப்பட்டது. பார்ப்பவருக்கு ஒரு கூலி வேண்டும் என்பதில் எவர்க்கும் மறுப்பிருக்க நியாயமில்லை. ஆயின், மேற்படிப்பை நாடி இலங்கையிலிருந்து புறப்படும் ஒரு மாணவன் இன்று கொடுப்பது அக்கூலியை மட்டுமன்று. கட்டண அட்டவணையிற் காணப்படும் தொகை அவன் உண்மையிற் கொடுக்கும் விலையின் ஒரு கூறு மாத்திரமே. ஏனைய கூறுகள் எந்த அட்டவணையிலும் அச்சிடப்படுவதில்லை. அவை எவை, எவருடைய தோளில் எவ்வளவு இறங்குகின்றன என்பனவற்றை ஆராயாது விண்ணப்பப் பத்திரத்தை நிரப்பத் தொடங்குவது, ஆழம் அறியாது ஆற்றில் இறங்குவதை ஒக்கும்.

இன்றைய நிலையை விளங்கிக்கொள்ளச் சிறிது பின்னோக்கிச் செல்லுதல் வேண்டும். முதலாம் உலகப் போருக்கு முன்னர் ஐரோப்பிய நாடுகளுட் பலவற்றிற்குக் கடவுச்சீட்டோ வீசாவோ இன்றிச் சென்றுவர முடிந்தது. போர்க்காலத்தில் ஒற்றர்க்கு அஞ்சித் தற்காலிகமாக விதிக்கப்பட்ட கட்டுப்பாடு, போர் முடிந்த பின்னரும் நீங்கவில்லை. அதனால் ஏற்பட்ட இடர்களை ஆராயும் பொருட்டு 1920ஆம் ஆண்டு ஒக்டோபரில் சர்வதேச சங்கத்தின் ஆதரவில் பாரிஸ் நகரில் மாநாடு ஒன்று கூடியது. கடவுச்சீட்டுக் கட்டணம் அரசுகளின் வருமானத்தைப் பெருக்கும் வழியாக அமைதல் கூடாது என்பதும், நுழைவு வீசா ஒன்றுக்குப் பத்துப் பொன் பிராங்குக்கு மேல் அறவிடலாகாது என்பதும் அம்மாநாட்டின் பரிந்துரைகளுள் அடங்கும். பார்ப்பதற்குக் கூலி வாங்கலாம், பார்ப்பதை வியாபாரமாக்குதல் ஆகாது என்பதே அப்பரிந்துரைகளின் சாரம். நூறாண்டுகளுக்கு முன்னரே இக்கோடு கீறப்பட்டுவிட்டது என்பது மனங்கொள்ளத்தக்கது.

இலங்கையரைப் பொறுத்தவரை இக்கதைக்குத் தனியானதொரு கிளையுண்டு. 1962ஆம் ஆண்டின் பொதுநலவாயக் குடிவரவாளர் சட்டம் வரும்வரை, பொதுநலவாய நாட்டுக் குடிமக்கள் பிரித்தானியாவினுள் தடையின்றிச் செல்லும் உரிமையைப் பெற்றிருந்தனர். அச்சட்டம் அவ்வுரிமையைக் குறுக்கிற்று. எனினும், மாணவராகவோ பார்வையாளராகவோ செல்லும் இலங்கையர் முன்கூட்டியே வீசாப் பெற்றாக வேண்டும் என்ற கட்டாயம் 1985ஆம் ஆண்டு வரை இருக்கவில்லை. பேராசிரியர் க. கைலாசபதியும் பேராசிரியர் கா. சிவத்தம்பியும் பேர்மிங்காம் பல்கலைக்கழகத்திலே ஜோர்ஜ் தொம்சனிடம் ஆய்வு செய்து கலாநிதிப் பட்டம் பெற்றது இக்கட்டாயம் வருவதற்கு முன்னரேயாம். 1983ஆம் ஆண்டின் வன்செயல்களின் பின்னர் தமிழர் பலர் புகலிடம் தேடிச் சென்றதைத் தொடர்ந்து, 1985இல் இலங்கையர்மீது வீசாக் கட்டாயம் விதிக்கப்பட்டது. பொதுநலவாய நாடொன்றின் குடிமக்கள்மீது பிரித்தானியா அவ்வாறு விதித்தது அதுவே முதற்றடவை. அடுத்த ஆண்டில் இந்தியா, பாகிஸ்தான், வங்காளதேசம், நைஜீரியா, கானா ஆகிய நாடுகளும் அவ்வரிசையிற் சேர்க்கப்பட்டன. 1987ஆம் ஆண்டின் சட்டமொன்று, உரிய பத்திரமில்லாதவரை ஏற்றிவரும் விமான, கப்பற் கம்பனிகளிடம் ஆளொன்றுக்கு ஆயிரம் பவுண் அறவிட வழிசெய்தது. இவ்வாறு, நாட்டின் எல்லை துறைமுகத்திலிருந்து பெயர்ந்து விண்ணப்பதாரியின் சொந்த ஊருக்கே வந்துவிட்டது. எல்லை வந்த வழியே அதன் செலவும் வந்தது.

இனி, 2025ஆம் ஆண்டின் கணக்கைப் பார்ப்போம். பிரித்தானியாவில், இலண்டனுக்கு வெளியேயுள்ள பல்கலைக்கழகம் ஒன்றில் ஓராண்டு முதுமாணிப் படிப்புக்குச் செல்லும் மாணவனை உதாரணமாகக் கொள்ளலாம். மாணவ வீசாவுக்கான கட்டணம் 2023ஆம் ஆண்டு செப்டெம்பர் வரை 363 பவுணாக இருந்து, அவ்வாண்டு ஒக்டோபரில் 490 ஆகவும், 2025ஆம் ஆண்டு ஏப்பிரிலில் 524 ஆகவும் உயர்ந்தது. இதனோடு சுகாதாரச் சேவைக்கான மேலதிகக் கட்டணமும் சேர்கின்றது. 2015இல் அது புகுத்தப்பட்டபோது மாணவர்க்கு ஆண்டொன்றுக்கு 150 பவுணாக இருந்தது. 2019இல் 300, 2020இல் 470 என வளர்ந்து, 2024ஆம் ஆண்டு பெப்ரவரியில் 776 ஆயிற்று. ஓராண்டுப் படிப்பாயினும், படிப்பு முடிந்தபின் வழங்கப்படும் நான்கு மாதங்களும் தொடக்கத்தில் வழங்கப்படும் சில நாள்களும் கணக்கிற் சேர்வதால், ஒன்றரை ஆண்டுக்குரிய தொகையாகிய 1,164 பவுணை விண்ணப்பிக்கும்போதே செலுத்துதல் வேண்டும். ஆகவே, 2025இல் 'வீசாக் கட்டணம் 524 பவுண்' என்று கேள்விப்பட்டு வந்தவன், விண்ணப்பத்தின் இறுதிப் பக்கத்தில் 1,688 பவுணைக் கண்டான். வாசலில் எழுதியிருந்த விலையைவிட உள்ளே கேட்கப்பட்ட விலை மும்மடங்கிற்கும் மேற்பட்டது.

பவுணிற் கூறப்படும் தொகை ரூபாவாக மாறும்போது இன்னொரு செலவு கண்ணுக்குத் தெரியாமற் புகுந்துவிடுகின்றது. 2022ஆம் ஆண்டு மார்ச்சு மாதத் தொடக்கத்தில் அமெரிக்க டொலர் ஒன்று 200 ரூபா அளவில் நின்றது. நாட்டின் பொருளாதார நெருக்கடியிலே நாணயத்தின் பிடி தளர்த்தப்பட்ட பின்னர், மே மாதத்தில் அது 360 ரூபாவை எட்டிற்று. பின்னர் ஓரளவு இறங்கினும் பழைய நிலைக்கு மீளவில்லை. அந்நெருக்கடிக்குச் சற்று முன்னர் பவுண் ஒன்று 270 ரூபா எனக் கொண்டால், ஒன்றரை ஆண்டுக்கான அன்றைய சுகாதாரக் கட்டணம் 705 பவுண், அதாவது 190,350 ரூபா. பவுண் 400 ரூபா எனக் கொண்டால் இன்றைய 1,164 பவுண் 465,600 ரூபாவாகின்றது. பவுணிலே அறுபத்தைந்து வீதத்தால் உயர்ந்த கட்டணம், ரூபாவிலே ஏறத்தாழ இரண்டரை மடங்காகிவிட்டது. இலண்டனில் அமர்ந்து கட்டணத்தை நிர்ணயிப்பவருக்கு முதலாவது உயர்வு மட்டுமே தெரியும். இரண்டாவதை உணர்பவர் பருத்தித்துறையிலோ மட்டக்களப்பிலோ வங்கிக் கரும பீடத்தின் முன் நிற்பவர்.

ஏனைய நாடுகளும் இப்போக்கிற்கு விலக்கல்ல. அவுஸ்திரேலியா தனது மாணவ வீசாக் கட்டணத்தை 2024ஆம் ஆண்டு யூலையில் 710 டொலரிலிருந்து 1,600 டொலராகவும், அடுத்த ஆண்டு யூலையில் 2,000 டொலராகவும் உயர்த்திற்று. கனடாவின் படிப்பு அனுமதிக் கட்டணம் 150 டொலரும் விரலடையாளப் பதிவுக்கான 85 டொலருமாகக் குறைவாகவே தோன்றும். ஆனால் அந்நாடு மாணவனிடம் காட்டுமாறு கேட்கும் வாழ்க்கைச் செலவுப் பணம் 2024ஆம் ஆண்டு சனவரியில் 20,635 கனேடிய டொலராகவும், 2025ஆம் ஆண்டு செப்டெம்பரில் 22,895 டொலராகவும் உயர்ந்தது. சில நாடுகளிற் கொடுப்பது பெரிது, சில நாடுகளிற் காட்டுவது பெரிது. இவ்விரண்டையும் வேறுபடுத்தி அறிதல் மிக முக்கியமானது. 'காட்டுவதற்குத்தானே, செலவழிப்பதற்கன்றே' என்று பலர் இலகுவாகக் கூறிவிடுவர். காட்டுவதும் ஒரு செலவே என்பதைப் பின்வரும் வரலாறு விளக்கும்.

வடமராட்சியிலுள்ள ஒரு குடும்பம். தந்தை ஓய்வுபெற்ற ஆசிரியர், தாய் இல்லத்தரசி. மூத்த மகன் உள்நாட்டுப் பல்கலைக்கழகத்திற் சிறப்புப் பட்டம் பெற்றவன். 2025ஆம் ஆண்டு செப்டெம்பரில் தொடங்கும் முதுமாணிப் படிப்புக்குப் பிரித்தானியப் பல்கலைக்கழகமொன்று அவனுக்கு இடமளித்தது. கட்டுப்பணம் செலுத்தியபின் எஞ்சிய படிப்புக் கட்டணம் 9,000 பவுண். அவ்வாண்டு சனவரியிலிருந்து நடைமுறையிலிருந்த விதிப்படி, இலண்டனுக்கு வெளியே வாழ்வதற்கு மாதம் 1,136 பவுணாக ஒன்பது மாதத்திற்குரிய 10,224 பவுணையும் காட்டுதல் வேண்டும். ஆக 19,224 பவுண். ரூபாவிலே எழுபத்தாறு இலட்சத்துக்கும் மேல். அத்தொகை தொடர்ந்து இருபத்தெட்டு நாள்கள் விண்ணப்பதாரியினதோ அவன் பெற்றோரினதோ கணக்கில் ஒரு நாளேனும் குறையாது கிடத்தல் வேண்டும். மாமன், சித்தப்பன், அண்ணன் ஆகியோர் எத்துணைச் செல்வராயினும் அவர்களுடைய கணக்கு செல்லாது.

தந்தையின் ஓய்வூதியப் பணிக்கொடையில் எஞ்சியிருந்தது முதலில் வந்தது. தாயின் தாலிக்கொடியும் காப்புகளும் வங்கியில் அடகிற் சென்றன. யாழ்ப்பாணத்து வழக்கில் 'பவுண்' என்பது எட்டுக் கிராம் தங்கத்தையும் குறிக்கும், ஆங்கிலேயரின் நாணயத்தையும் குறிக்கும். ஒரு பவுணைக் கொடுத்து மறு பவுணை வாங்கும் பண்டமாற்று அவ்வீட்டில் நிகழ்ந்தது. போதாத பங்கை இலண்டனிலுள்ள தாய்மாமன் தந்தையின் கணக்குக்கு அனுப்பினார். அதுவும் அவருடைய சொந்தப் பணமன்று, அவர் சேர்ந்திருந்த சீட்டிலே முந்தி எடுத்த தொகை. இவ்வாறு மூன்று திசையிலிருந்து வந்த பணம் ஒரு கணக்கில் ஒன்றுகூடி இருபத்தெட்டு நாள் தவமிருந்தது. அந்நாள்களில் அடகுக்கு வட்டி ஏறிற்று, சீட்டுக்குத் தவணை சென்றது. அசையாமற் கிடந்த பணம், கிடந்தபடியே தேய்ந்தது.

இருபத்து மூன்றாம் நாள் தாயின் கண்புரைச் சத்திரசிகிச்சைக்குத் திகதி கிடைத்தது. நெடுநாளாகக் காத்திருந்த திகதி அது. தந்தை தமது கணக்கிலிருந்து அறுபதாயிரம் ரூபாவை எடுத்து வில்லைக்கும் மருந்துக்கும் கட்டினார். மாத முடிவில் ஓய்வூதியம் வந்ததும் அக்குறை நிரம்பிவிட்டது. ஆயின், இடையில் வந்த ஐந்து நாள்களில் மீதி வேண்டிய அளவிலும் ஏறத்தாழ நூறு பவுண் குறைந்து நின்றமை வங்கிக் கூற்றிற் பதிவாகியிருந்தது. விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. அவனுடைய கல்வித் தகைமையிலோ நேர்மையிலோ குறை கூறப்படவில்லை. விதி இருபத்தெட்டு என்றது, கணக்கு இருபத்திரண்டு என்றது. அவ்வளவே.

"தம்பி, நான் உந்தக் கண் ஒப்பரேசனைத் தை மாசம் செய்திருக்கலாம்," என்றார் தாய்.

"அதிலை ஆரிலையும் பிழையில்லை. கணக்குத்தான் எங்களுக்கு வடிவா விளங்கேல்லை," என்றார் தந்தை.

அந்த விளங்காமையின் விலையை இப்போது எண்ணலாம். சுகாதாரக் கட்டணம் 1,164 பவுண் திரும்பக் கிடைத்தது. விண்ணப்பக் கட்டணம் 524 பவுண் திரும்பவில்லை. படிப்பு தொடங்கும் நாள் கடந்துவிட்டமையாற் பல்கலைக்கழகம் அவனுடைய இடத்தைச் சனவரிக்குத் தள்ளிவைத்தது. மறுபடியும் விண்ணப்பிக்க மறுபடியும் 524 பவுண். சயரோகப் பரிசோதனைச் சான்றிதழ் ஆறு மாதத்துக்கே செல்லும் ஆதலால், யூன் மாதத்திற் பெற்ற சான்றிதழ் காலாவதியாயிற்று, மீண்டும் கொழும்புப் பயணம். இதற்கிடையில் நவம்பர் மாதத்திலே காட்டவேண்டிய வாழ்க்கைச் செலவு மாதம் 1,171 பவுணாக உயர்த்தப்பட்டமையால் மேலும் 315 பவுண் தேவைப்பட்டது. தாலிக்கொடி இன்னும் நான்கு மாதம் வங்கியிலே கிடந்தது. மாமன் சீட்டுக் கட்டி முடிப்பதற்காக வார இறுதியிலும் வேலைக்குச் சென்றார். இரண்டாவது விண்ணப்பம் ஏற்கப்பட்டது. அவன் சென்று சேர்ந்தான். எனினும், தாயின் கண்ணுக்குச் செலவான அறுபதாயிரம் ரூபா, அக்குடும்பத்துக்குப் பல இலட்சம் ரூபாவாக முடிந்தது என்பதை எந்தக் கட்டண அட்டவணையும் காட்டப்போவதில்லை.

இப்பெருந்தொகைகளின் நிழலில் மறைந்துகிடக்கும் சிறு செலவுகளும் பலவுள. பிறப்புச் சான்றிதழ் தமிழில் இருப்பின் அங்கீகாரம் பெற்ற மொழிபெயர்ப்பாளரிடம் ஆங்கில மொழிபெயர்ப்புப் பெறுதல் வேண்டும். பெற்றோர் பெயரில் ஓரெழுத்து மாறியிருப்பின் சத்தியக் கடதாசி வேண்டும். ஆங்கிலத் தேர்ச்சிப் பரீட்சை, அதற்கு முந்திய பயிற்சி வகுப்பு, மருத்துவப் பரிசோதனை, விரலடையாளம் பதியும் நாளுக்கான பயணம் என அவை நீளும். யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்பு ஏறத்தாழ நானூறு கிலோமீற்றர். ஒவ்வொரு பயணத்துக்கும் இரவுப் பேருந்தும் ஒரு நாட் சம்பள இழப்பும் உண்டு. அரசு மக்களை அண்மிக்கும்போது இச்செலவு குறையும் என்பதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டு அண்மையிற் கிடைத்தது. கடவுச்சீட்டுப் பெறுவதற்கு வடபகுதி மக்கள் வவுனியாவுக்கோ பத்தரமுல்லைக்கோ சென்று வரிசையிற் காத்துநின்ற நிலை, 2025ஆம் ஆண்டு செப்டெம்பரில் யாழ்ப்பாணத்திலேயே பிராந்திய அலுவலகம் திறக்கப்பட்டதனாற் பெரிதும் இலகுவாயிற்று. அதனாற் கடவுச்சீட்டின் கட்டணம் குறையவில்லை, ஆனால் விலை குறைந்தது. கட்டணம் வேறு, விலை வேறு என்பதற்கு இதனிலும் தெளிந்த சான்று வேண்டியதில்லை.

நேரமும் இன்று விலைக்கு வந்துவிட்டது. பிரித்தானிய மாணவ வீசா விண்ணப்பம் ஒன்று வழமையாக மூன்று வாரத்தில் முடிவு செய்யப்படும். மேலும் 500 பவுண் செலுத்துபவர்க்கு ஐந்து வேலை நாளில் முடிவு கூறும் விரைவுச் சேவையும் உண்டு. இருபத்தெட்டு நாள் விதியைப் பணமில்லாதவன் பிந்தியே நிறைவேற்றுகிறான். பிந்தியவனுக்கே விரைவுச் சேவை அவசியமாகின்றது. ஆகவே, அதிகப் பணம் இல்லாதவனே அதிகக் கட்டணம் செலுத்தும் நிலைக்குத் தள்ளப்படுகிறான். வசதி படைத்தவன் கணக்கில் எப்போதும் பணம் கிடக்கும். அவனுக்கு இருபத்தெட்டு நாளும் ஏனைய நாள்களைப் போன்றவையே.

நிராகரிக்கப்பட்டவரின் பணம் எங்கே செல்கின்றது என்ற கேள்வியும் எழுதல் இயல்பு. ஐரோப்பாவின் ஷெங்கன் நாடுகளுக்கான குறுங்கால வீசாவின் கட்டணம் 60 யூரோவிலிருந்து 2020இல் 80 ஆகவும், 2024ஆம் ஆண்டு யூனில் 90 ஆகவும் உயர்ந்தது. விண்ணப்பங்களை ஏற்கும் இடைநிலை நிறுவனம் அதற்குமேல் தன் சேவைக்கட்டணமாகப் பொதுவாக அதன் அரைப்பங்கு வரை அறவிடலாம். குறைந்தது 30,000 யூரோவுக்கான பயண மருத்துவக் காப்புறுதியும் வேண்டும். வீசா மறுக்கப்பட்டாற் கட்டணம் மீளாது. 2023ஆம் ஆண்டில் இவ்வாறு மறுக்கப்பட்ட விண்ணப்பங்களுக்காக உலகெங்கும் செலுத்தப்பட்ட தொகை ஏறத்தாழ 130 மில்லியன் யூரோ என 'லாகோ கலெக்டிவ்' என்னும் ஆய்வுக்குழு கணக்கிட்டது. மறுப்பு வீதம் உயர்ந்துள்ள நாடுகள் பெரும்பாலும் ஆபிரிக்காவையும் ஆசியாவையும் சேர்ந்த வறிய நாடுகள். வாங்காத பொருளுக்கு விலை கொடுத்தவர்கள் அந்நாடுகளின் மக்களே.

மறுப்பின் காரணங்களை நோக்கின் மற்றொரு செலவு வெளிப்படும். திரும்பிச் செல்லும் எண்ணம் விண்ணப்பதாரியிடம் உண்டா என்பதில் நியாயமான ஐயம் எழுந்தால் மறுக்கலாம் என்பது ஷெங்கன் வீசா விதிக்கோவையின் ஏற்பாடு. அமெரிக்கக் குடிவரவுச் சட்டத்தின் 214(ஆ) பிரிவோ, தற்காலிகமாக வர விரும்புபவனை, அவன் மறுதலையாக நிறுவும்வரை, நிரந்தரமாகக் குடியேற வருபவனாகவே கருத வேண்டும் என்கின்றது. ஆகவே, திரும்பி வருவேன் என்பதற்குச் சாட்சி வேண்டும். நிரந்தர உத்தியோகம், காணி உறுதி, வங்கி மீதி என்பனவே அச்சாட்சிகள். வயதான தாயைப் பார்க்கத் திரும்புவேன், ஊர்க்கோயில் திருவிழாவுக்குத் திரும்புவேன் என்பன எவ்வளவு உண்மையாயினும் அவற்றுக்குப் பத்திரம் இல்லை. யுத்தத்தில் வீடும் உறுதியும் இழந்த குடும்பங்கள் எத்தனையோ உள்ள பிரதேசத்திலே, காணி உறுதியைச் சாட்சியாகக் கேட்பது இழந்தவனிடமே மீண்டும் கேட்பதாக முடிகின்றது. உடைமை உள்ளவனின் சொல் எளிதில் நம்பப்படுகின்றது. இல்லாதவன் தன் சொல்லை நம்பவைப்பதற்கே செலவு செய்ய வேண்டியுள்ளது.

இவற்றுக்கு மறுபக்கமும் உண்டு என்பதை மறைத்தல் நேர்மையாகாது. தன் நாட்டினுள் எவர் வருகின்றார் என்பதை ஆராய்வதற்கு ஒவ்வோர் அரசுக்கும் உரிமையுண்டு. ஆராய்வதற்கு ஆளும் அலுவலகமும் வேண்டும். அச்செலவை உள்நாட்டு வரியிறுப்பாளர் ஏன் தாங்க வேண்டும் என்று அந்நாட்டார் கேட்பதில் நியாயம் இல்லாமல் இல்லை. நிராகரிக்கப்படும் விண்ணப்பத்தை ஆராயவும் ஏற்கப்படும் விண்ணப்பத்துக்குரிய உழைப்பே செலவாகும். இலங்கையும் தன்னிடம் வரும் வெளிநாட்டவரிடம் கட்டணம் அறவிட்டே வந்துள்ளது. ஆகவே, கட்டணமே கூடாது என்பது வாதமன்று. ஆராயும் செலவுக்கும் அறவிடும் தொகைக்கும் இடையிலுள்ள இடைவெளியே வாதத்துக்குரியது. பிரித்தானிய உள்நாட்டலுவல் திணைக்களம் ஒவ்வொரு வகை விண்ணப்பத்தையும் ஆராய்வதற்கு ஆகும் செலவையும் அதற்கு அறவிடும் கட்டணத்தையும் அருகருகே வெளியிட்டு வருகின்றது. பல வகைகளிற் கட்டணம் செலவைவிட உயர்ந்து நிற்பதை அப்பட்டியலே காட்டும். 1920இற் பாரிஸில் கீறப்பட்ட கோடு எங்கே கடக்கப்பட்டது என்பதை அறிய வேறு ஆராய்ச்சி வேண்டியதில்லை. குறைந்தபட்சம், மறுக்கப்பட்டவனுக்கு ஒரு பங்கையேனும் மீளக் கொடுத்தல், சிறு கணக்குப் பிழையைத் திருத்தச் சில நாள் தவணை அளித்தல் ஆகிய இரண்டையும் செய்வதால் எந்த எல்லையும் பாதுகாப்பிழந்துவிடாது.

அத்தகைய மாற்றம் வரும்வரை விண்ணப்பதாரி தன்னைத் தானே காத்துக்கொள்ளல் வேண்டும். அறியாமை உள்ள இடத்தில் முகவர் தோன்றுவர். 'வீசா நிச்சயம்' என்று விளம்பரஞ் செய்பவர் எவராயினும் தம்மிடம் இல்லாத பொருளை விற்பவரே. தீர்மானிக்கும் அதிகாரம் அவரிடம் இல்லை. விதிகளோ பெரும்பாலும் வெளிப்படையாக எழுதப்பட்டுள்ளன. ஆங்கிலத்தை வாசிக்கத் தெரிந்த பல்கலைக்கழக மாணவன் ஒருவன் இரு மாலைப் பொழுதுகளைச் செலவிட்டால் அவற்றுட் பெரும்பகுதியை விளங்கிக்கொள்ளலாம். தான் விளங்கியதைத் தன் ஊரிலுள்ள இன்னொரு குடும்பத்துக்கு எடுத்துச் சொல்வது அவனாற் செய்யக்கூடிய சிறந்த உதவிகளுள் ஒன்றாகும்.

அக்குடும்பம் ஒரு கொப்பியை எடுத்து நான்கு நிரல்கள் கீறிக்கொள்ளட்டும். முதலாவது நிரலில், முடிவு எதுவாயினும் திரும்பாத பணம்: விண்ணப்பக் கட்டணம், மருத்துவப் பரிசோதனை, பரீட்சை, மொழிபெயர்ப்பு, பயணம். இரண்டாவதில், மறுக்கப்பட்டால் திரும்பிவரக்கூடிய பணம், அது திரும்ப எத்தனை நாளாகும் என்ற குறிப்போடு. மூன்றாவதில், செலவாகாது முடங்கிக்கிடக்கும் பணம், அது யாருடையது, அதற்கு வட்டி எவ்வளவு, நாணய மாற்று வீதம் சிறிது சாய்ந்தாலும் மீதி குறையாதிருக்க எவ்வளவு மேலதிகமாக வைக்க வேண்டும், அந்நாள்களில் வீட்டில் நோயோ சடங்கோ நேர்ந்தால் வேறு எந்தக் கணக்கிலிருந்து எடுப்பது என்பன. நான்காவது நிரலிற் பணம் இல்லை. அங்கே கழுத்திலிருந்து இறங்கிய தாலிக்கொடியும், ஒத்திப்போடப்பட்ட வைத்தியமும், உறவினர் ஒருவர் இழந்த ஓய்வு நாள்களும் எழுதப்படும். முதல் மூன்று நிரல்களையும் கூட்டிப் பார்ப்பவர்கள் பலர். நான்காவதை விண்ணப்பிக்க முன்னரே எழுதிப் பார்த்து, குடும்பத்தார் எல்லாரும் கூடியிருந்து, இவ்வளவையும் கொடுக்கச் சம்மதமா என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொள்பவர்கள் சிலரே. சம்மதம் என்று அவ்வாறு தெரிந்து கூறிய குடும்பத்துக்கு, மறுப்பு வந்தாலும் அது நட்டமாகுமேயன்றி ஏமாற்றமாகாது.